டைட்டிலில் ஓடிப்போகும் பெயர்கள்: ஒரு பழைய திருட்டுக் காமெடிப் படத்தை யார் யார் சேர்ந்து செய்தார்கள்?

படம் தொடங்கி டைட்டில் ஓடுகிற இரண்டு மூன்று நிமிடத்தை நாம் எப்போதுமே வேறு வேலைக்குத்தான் வைத்திருக்கிறோம். கச்சான் பொட்டலத்தைப் பிரிப்பது, ஃபேனைத் திருப்பி வைப்பது, பின்னால் உட்கார்ந்திருக்கிற அத்தையிடம் மறைக்கிறதா என்று கேட்பது. தோட்டத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் போட்ட காலத்திலும் இப்படித்தானாம். நாயகன் பெயர் வந்தால் விசில், காமெடி நடிகர் பெயர் வந்தால் இன்னும் பெரிய விசில், அதற்கப்புறம் வருகிற ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு, அரங்கம், ஒப்பனை எல்லாம் யாரும் படிக்காமலே ஓடிப்போகும்.

இதைப் பற்றி இப்போது எழுதக் காரணம் உண்டு. இங்கே மலேசியாவில், சுங்கை சிப்புட்டில், எங்கள் தாமான் (குடியிருப்புப் பகுதி) பிள்ளைகள் சிலர் கைத்தொலைபேசியிலேயே ஒரு குறும்படம் எடுக்கக் கிளம்பியிருக்கிறார்கள். கதை இதுதான்: தனியாக இருக்கும் ஒரு பாட்டி, அவர் கையில் ஊரே கட்டிய கூட்டுப் பணம், அதைத் திருட நான்கு பேர் உறுமி மேளக் குழு என்று சொல்லிக்கொண்டு பயிற்சி செய்ய அவர் வீட்டு முன்னறையை வாடகைக்குக் கேட்டு வருகிறார்கள். கேட்டதும் சிரித்துவிட்டேன், ஏனென்றால் கிட்டத்தட்ட இதே கதையை 1955லேயே லண்டனில் எடுத்துவிட்டார்கள். படத்தின் பெயர் 'தி லேடிகில்லர்ஸ்'. பிள்ளைகள் பார்த்ததில்லை. "சரிண்ணே, நாங்க ஆறு பேர் இருக்கோம், ஆளுக்கு ஒரு வேலை பிரிச்சுக் கொடுங்க, யார் யார் என்னென்ன செய்யணும்?" என்று கேட்டார்கள். அந்தப் படத்தையே வைத்துச் சொல்லிவிடலாம் என்று தோன்றியது.

முதலில் கதை, சுருக்கமாக. லண்டன் கிங்ஸ் கிராஸ் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில், போரில் விழுந்த குண்டுகளால் மண் இறங்கி ஒரு பக்கமாகச் சாய்ந்துபோன வீடு. அதில் திருமதி வில்பர்ஃபோர்ஸ் என்ற வயதான விதவை கிளிகளோடு வாழ்கிறார். பேராசிரியர் மார்கஸ் என்று ஒருவர் வந்து மேல்மாடி அறையை வாடகைக்கு எடுக்கிறார், நண்பர்கள் நால்வரோடு சேர்ந்து இசைப் பயிற்சி செய்ய வேண்டும் என்கிறார். ஐந்து பேருக்கும் வாசிக்கத் தெரியாது. இசைத்தட்டைச் சுழல விட்டுவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு, பணம் ஏற்றிவரும் வேனைக் கொள்ளையடிக்கத் திட்டம் போடுகிறார்கள். அறுபதாயிரம் பவுன் கைக்கு வருகிறது. அந்தப் பணப்பெட்டியை நிலையத்திலிருந்து எடுத்துவர ஒன்றும் அறியாத கிழவியையே அனுப்புகிறார்கள், வழியில் ஒரு கலாட்டா, கடைசியில் போலீஸ்காரர்களே பெட்டியைத் தூக்கிவந்து வீட்டுக்குள் வைத்துவிட்டுப் போகிறார்கள். பிறகு கிழவிக்கு விஷயம் தெரிந்துவிடுகிறது. அவரைத் தீர்த்துக்கட்ட வேண்டும், ஆனால் யார் செய்வது என்று தீக்குச்சி எடுத்துக் குலுக்கிப் பார்க்கிறார்கள். மீதியைப் படத்தில் பாருங்கள்.

இனி பெயர்களுக்கு வருவோம். சினிமாவில் திரைக்கு முன்னால் தெரிகிறவர்கள் நடிகர்கள். தெரியாதவர்கள் எல்லாரையும் சேர்த்துத் தொழில்நுட்பக் குழு என்பார்கள், யூனிட் என்றால் இன்னும் எளிதாகப் புரியும். நடிகர்கள் பத்துப் பேர் என்றால் யூனிட் அதைப்போல் பல மடங்கு இருக்கும். காமெடிப் படம் என்றால் சிரிக்க வைப்பது நடிகர் வேலை, மற்றவர்கள் கேமராவைத் தூக்குகிறவர்கள், விளக்கு பிடிக்கிறவர்கள் என்று நினைத்துக்கொள்கிறோம். திருட்டுக் காமெடியில் விஷயம் தலைகீழ். யூனிட்டில் இருக்கிற ஒவ்வொருவரும் இது சீரியஸான குற்றப் படம் என்று நினைத்து வேலை செய்தால்தான் நடிகர் அடிக்கிற கூத்து எடுபடும். வெளிச்சமும் காமெடியாக, இசையும் டொய்ங் டொய்ங் என்று, வீடும் கார்ட்டூன் வீடாக இருந்தால் பார்க்கிறவருக்குப் பயம் வராது, பயம் வராத இடத்தில் சிரிப்பும் பாதிதான் வரும். இது என் கட்சி. ஆனால் இந்தப் படத்தில் ஒவ்வொரு துறையாக எடுத்துப் பார்த்தால் நீங்களும் ஒத்துக்கொள்வீர்கள் என்று நினைக்கிறேன்.

தயாரிப்பாளர் மைக்கேல் பால்கன். பணம் போடுகிறவர் மட்டும்தான் தயாரிப்பாளர் என்று நம் ஊரில் ஒரு எண்ணம் உண்டு. பால்கன் 1938லிருந்து லண்டனில் இருந்த ஈலிங் என்ற படப்பிடிப்பு ஸ்டூடியோவின் தலைவர். எந்தக் கதையை எடுக்கலாம், யாருக்குக் கொடுக்கலாம், எவ்வளவு செலவு, எங்கே நிறுத்த வேண்டும் எல்லாம் அவர் கையில். (நடிகர் டேனியல் டே லூயிஸ் இவருடைய மகள் வழிப் பேரன்.) அந்த ஸ்டூடியோவில் இயக்குநர், எடிட்டர், எழுத்தாளர் என்று பெரும்பாலோர் சம்பளத்துக்கு இருந்த நிரந்தர ஆட்கள். ஒரே கூட்டம் வருஷக்கணக்காகச் சேர்ந்து வேலை செய்ததால்தான் 'கைன்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொரோனெட்ஸ்', 'விஸ்கி கலோர்', 'தி லாவெண்டர் ஹில் மாப்' என்று அடுத்தடுத்து ஒரே ருசியில் படங்கள் வந்தன. ஆனால் நம் படம் வெளியான 1955ஆம் ஆண்டிலேயே ஸ்டூடியோ கட்டடத்தை பிபிசிக்கு விற்றுவிட்டார்கள். அங்கிருந்து வந்த பெரிய காமெடிகளில் இதுதான் கடைசி என்று சொல்லலாம்.

கதை, திரைக்கதை வில்லியம் ரோஸ். அமெரிக்கர். இந்தக் கதை முழுவதும் தனக்குக் கனவில் வந்தது என்று அவரே சொல்லியிருக்கிறார். கனவு கண்டவர் எழுத்தை முடித்துக் கொடுத்தாரா என்றால் அதுவும் இல்லை. நடுவில் மனஸ்தாபம் வந்து விலகிப் போய்விட, அவர் விட்டுச்சென்ற குறிப்புகளை வைத்து இயக்குநரும் இணைத் தயாரிப்பாளர் செத் ஹோல்ட்டும்தான் மீதியைக் கோத்து முடித்தார்கள். அப்படியும் டைட்டிலில் பெயர் ரோஸுக்குத்தான், ஆஸ்கார் பரிந்துரையும் அவருக்குத்தான். அதுவும் நியாயம்தான், ஏனென்றால் ஐந்து கெட்டவர்கள், ஒரு கிழவி, கெட்டவர்களால் அந்தக் கிழவியை ஒன்றும் செய்ய முடியவில்லை என்கிற கணக்கு அவருடையது. அந்தக் கணக்கு சரியாக இருந்தால் வசனம் ஒன்றிரண்டு மாறினாலும் படம் நிற்கும். திரைக்கதை என்பது வசனம் எழுதுவது அல்ல என்று பிள்ளைகளுக்குச் சொல்ல இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது. பணம் வெளியே தெரிய வருகிற இடத்தைப் பாருங்கள்: கொள்ளைப் பணத்தைச் செல்லோ வாத்தியப் பெட்டியில் அடைத்துக்கொண்டு கிளம்புகிறார்கள், பெட்டியின் வார் வாசல் கதவில் மாட்டிக்கொள்கிறது, கும்பலிலேயே முரடனான ஆள் பலம் போட்டு இழுக்கிறான், பெட்டி திறந்து நோட்டுகள் கிழவிக்கு முன்னால் பறக்கின்றன. அந்த இடத்தில் வசனமே தேவையில்லை. வார், கதவு, முரடன், கிழவி என்று நான்கையும் எழுத்தாளர் முன்கூட்டியே கொண்டுவந்து வைத்திருக்கிறார்.

இயக்குநர் அலெக்சாண்டர் மெக்கெண்ட்ரிக். அமெரிக்காவில் பாஸ்டனில் பிறந்து ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் வளர்ந்தவர், சினிமாவுக்கு முன் விளம்பரத் துறையில் படம் வரைந்தவர். ஓவியர் கண் இருந்ததால் அவருடைய காட்சிகளில் யார் எங்கே நிற்கிறார்கள் என்பதே பாதி நகைச்சுவை. ஐந்து தடியர்கள் குறுகலான கூடத்தில் ஒருவரை ஒருவர் இடித்துக்கொண்டு நிற்க, நடுவில் குட்டியாக ஒரு கிழவி தேநீர் கொடுக்கிறார். அவரைச் சுட்டுவிடலாம், ஆனால் கோப்பையைக் கீழே வைக்க இடமில்லை, அதுதான் அவர்கள் நிலைமை! பின்னாளில் இவர் கலிஃபோர்னியாவில் திரைப்படம் கற்றுக்கொடுக்கிற ஆசிரியரானார், 1969லிருந்து அங்கே திரைப்படப் பள்ளியின் தலைவர்.

இப்போது நடிகர்கள். பேராசிரியர் மார்கஸாக அலெக் கின்னஸ். அப்போது அவருக்கு வயது 41தான். பொய்ப்பல், கழுத்தில் நீளமான துண்டு, கலைந்த தலைமுடி என்று ஆளே தெரியாது. அதற்கு முன் 1949இல் ஒரே படத்தில் ஒரே குடும்பத்தைச் சேர்ந்த எட்டுப் பேராக நடித்தவர், அதனால் வேஷம் அவருக்குப் புதிதில்லை. இவரை நம் ஆட்களுக்கு வேறொரு படத்தில் தெரிந்திருக்கும். 1957இல் வந்த 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்'. சிலோனில் எடுத்த அந்தப் படத்துக்குத்தான் கின்னஸ் சிறந்த நடிகருக்கான ஆஸ்கார் வாங்கினார். சயாம் மரண ரயில் பாதையைப் பற்றிய கதை, ஆனால் பிரிட்டிஷ் கைதிகளின் கதையாகவே இருக்கும். ஜப்பான்காரன் காலத்தில் இந்தப் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து பிடித்துக்கொண்டு போன, திரும்பி வராத பல்லாயிரம் தமிழர்களை அதில் தேடினால் கிடைக்க மாட்டார்கள். யாரை நடிக்க வைக்கிறார்கள், யாரை விட்டுவிடுகிறார்கள் என்பதைக் கவனிக்க அதுவும் ஒரு பாடம்தான், ஆனால் அது வேறு கட்டுரை.

கும்பலில் மற்ற நால்வர் செசில் பார்க்கர், ஹெர்பர்ட் லோம், பீட்டர் செல்லர்ஸ், டேனி கிரீன். ராணுவ மேஜர் போல ஒருவர், நிஜமாகவே கொலைகாரன் போல ஒருவர், தெருப்பையன் போல ஒருவர், மூளை குறைந்த குத்துச்சண்டைக்காரர் ஒருவர். முகத்தைப் பார்த்த உடனே யார் என்ன ஆள் என்று புரிந்துவிட வேண்டும், ஏனென்றால் படம் ஒன்றரை மணி நேரம்தான், ஒவ்வொருவரையும் உட்கார்ந்து அறிமுகம் செய்ய நேரமில்லை. நடிகர் தேர்வு என்கிற வேலை இதுதான். லோம் படத்தில் பெரும்பாலும் தொப்பியைக் கழற்ற மாட்டார், அது ஏதோ ஸ்டைல் என்று நினைப்போம், உண்மையில் அப்போது மேடை நாடகம் ஒன்றில் சயாம் ராஜாவாக நடிப்பதற்காக மொட்டை அடித்திருந்தார். தேவைக்காகப் போட்ட தொப்பி அந்தப் பாத்திரத்துக்கே ஒரு மிரட்டலைக் கொடுத்துவிட்டது. செல்லர்ஸ் அப்போது வானொலி காமெடியில் பிரபலம், சினிமாவில் புதுசு. கிளிகளின் குரலும் அவருடையதுதான். இவரும் லோமும் பிறகு 'பிங்க் பேந்தர்' வரிசையில், ஒருவர் முட்டாள் இன்ஸ்பெக்டராகவும் மற்றவர் அவரால் பைத்தியம் பிடித்துப் போகும் மேலதிகாரியாகவும், உலகம் முழுக்கச் சிரிக்க வைத்தார்கள்.

ஆனால் இவ்வளவு பேரையும் தாண்டிப் படத்தைத் தூக்கி நிறுத்தியவர் கேட்டி ஜான்சன், கிழவியாக நடித்தவர். 1878இல் பிறந்தவர், படப்பிடிப்பின்போது எழுபத்தைந்தைத் தாண்டிவிட்டார். வாழ்நாள் முழுக்கச் சின்னச் சின்ன வேஷங்கள்தான் செய்திருக்கிறார். இந்தப் படத்துக்கே முதலில் இவர் உடம்பு தாங்காது என்று சொல்லி வயது குறைந்த வேறொரு நடிகையைப் போட்டார்களாம், படம் தொடங்கும் முன்பே அந்த அம்மா காலமாகிவிட, மறுபடியும் இவரையே கூப்பிட்டார்கள் என்று சொல்வார்கள். பிரிட்டனின் சிறந்த நடிகை என்று பிரிட்டிஷ் திரைப்பட அகாடமி இவருக்கு விருது கொடுத்தது, 1957இல் இறந்துபோனார். இவர் நடிப்பில் என்ன விசேஷம் என்றால், ஒரு இடத்தில்கூட காமெடி செய்ய மாட்டார். தன் வீட்டில் தங்கியவர்கள் தப்புச் செய்துவிட்டார்களே என்று உண்மையாகவே வருத்தப்படுவார், பள்ளிப் பிள்ளைகளை அதட்டுவது போல அதட்டுவார், கொலைகாரர்கள் தலையைக் குனிந்துகொண்டு நிற்பார்கள். பிள்ளைகளே, உங்கள் படத்துக்குப் பாட்டி தேடும்போது நன்றாக நடிக்கத் தெரிந்த, கோயில் ஆண்டுவிழா நாடகத்தில் கைதட்டு வாங்கிய ஆளைத் தேடாதீர்கள். "சாப்பிட்டியா, வீட்ல அம்மா சுகமா?" என்று எவனைப் பார்த்தாலும் கேட்கிற, கேமரா இருப்பதையே மறந்துவிடுகிற பாட்டியைத் தேடுங்கள். இந்த ஊரில் அதற்கா பஞ்சம்?

போலீஸ் சூப்பரிண்டெண்டாக ஜாக் வார்னர். இதில் ஒரு உள்ளடி இருக்கிறது. 1950இல் வந்த ஈலிங் படம் ஒன்றில் இவர் நல்ல கான்ஸ்டபிளாக நடித்து, அதே பாத்திரத்தோடு 1955இலேயே தொலைக்காட்சித் தொடருக்கும் வந்துவிட்டார். பிரிட்டன்காரர்களுக்கு இவர் முகம் என்றாலே நம்பிக்கையான போலீஸ். அப்படிப்பட்டவர் கிழவி சொல்வதை அன்பாகக் கேட்டுத் தலையாட்டுகிறார், ஒரு வார்த்தையையும் நம்பவில்லை. நடிகரோடு கூடவே வருகிற பழைய பெயரையும் இயக்குநர் பயன்படுத்திக்கொள்கிறார். நம் படங்களில் நம்பியாரை நல்லவராகப் போட்டாலும் கடைசி வரை சந்தேகத்தோடு பார்ப்போமே, அந்த வித்தைதான்.

ஒளிப்பதிவு ஓட்டோ ஹெல்லர். கேமராவைப் பிடித்துக்கொண்டு நிற்பவர் என்பதைவிட, வெளிச்சம் எங்கே விழ வேண்டும், எங்கே விழக் கூடாது என்று முடிவு செய்கிறவர் என்று சொன்னால் சரியாக இருக்கும். மார்கஸ் முதலில் முகமாக வருவதில்லை, நிழலாகத்தான் வருகிறார். கிழவியின் வீட்டுக் கண்ணாடியில் ஒரு கறுப்பு உருவம் விழும்போது பேய்ப் படமோ என்று தோன்றும். கதவைத் திறந்தால் பல்லைக் காட்டிக்கொண்டு வீடு வாடகைக்குக் கேட்கிற ஆள். பயமுறுத்திவிட்டுச் சிரிக்க வைப்பது என்று மேலே சொன்னேனே, அதில் பயமுறுத்துகிற பாதி ஹெல்லருடையது. இது மூன்று சுருள் டெக்னிகலர் முறையில் எடுத்த படம், பிரிட்டனில் அப்படி எடுத்த கடைசிப் படங்களில் ஒன்று. கேமராவுக்குள் ஒரு பட்டகம் (பிரிஸம் கண்ணாடி) வெளிச்சத்தைப் பிரிக்கும், மூன்று கறுப்பு வெள்ளைச் சுருள்கள் ஒரே நேரத்தில் ஓடி ஒவ்வொரு நிறத்தையும் தனித்தனியாகப் பதியும், பிறகு பிரதி எடுக்கும்போது சாயம் ஏற்றி மூன்றையும் ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்ப்பார்கள். கேமரா பெரிய பீரோ அளவுக்கு இருக்கும், வெளிச்சமும் நிறைய வேண்டும். அதை வைத்துக்கொண்டு அவ்வளவு இருட்டு காட்டியிருக்கிறார் மனிதர். நீங்கள் கைத்தொலைபேசியில் எடுக்கும்போது செய்ய வேண்டிய முதல் வேலை, முன்னறையின் ட்யூப் லைட்டை அணைப்பது. சமையலறை விளக்கு மட்டும் எரியட்டும், பின்னாலிருந்து வெளிச்சம் வந்து உறுமிக்காரர் நிழல் சுவரில் ஏறட்டும். காசு செலவில்லை.

கலை இயக்கம் ஜிம் மொராஹன். அந்தச் சாய்ந்த வீடு நிஜ வீடு அல்ல. ரயில் பாதையைப் பார்த்தபடி இருந்த ஃபிரெடெரிகா தெருவின் முட்டில் வெளிமுகப்பை மட்டும் கட்டினார்கள், உள்ளே இருக்கிற அறைகள் ஸ்டூடியோவில் போட்ட செட். வாசலில் நின்று தெருவைப் பார்க்கிற மாதிரி வரும் காட்சியை வேறொரு தெருவில் எடுத்தார்கள். மூன்று இடம், திரையில் ஒரே வீடு. சுவரில் மாட்டிய படங்கள் நேராக நிற்காது, கிழவி அதைப் பற்றி அமைதியாக விளக்கம் சொல்வார். வீடே ஒரு பாத்திரம் ஆகிவிட்டது. பின்பக்கம் ரயில் பாதையும் நீராவிப் புகையும் இருப்பது அழகுக்கு என்று முதலில் தோன்றும், கடைசி அரை மணி நேரத்தில்தான் அது எதற்கென்று தெரியும். உடைகளை ஆன்டனி மெண்டல்சன் பார்த்துக்கொண்டார். கிழவிக்கு வெளிர் நிறங்கள், கும்பலுக்கு அழுக்கு நிறங்கள். கவனித்தால் தெரியும், கவனிக்காவிட்டாலும் வேலை செய்யும்.

படத்தொகுப்பு ஜாக் ஹாரிஸ், பிரிட்டிஷ் இயக்குநர் டேவிட் லீனின் 'ப்ரீஃப் என்கவுண்டர்' படத்தைத் தொகுத்தவர். எடிட்டரின் வேலையை எழுதிக் காட்டுவது கஷ்டம். மாடியில் இசைத்தட்டு ஓடுகிறது, கிழவி தட்டில் தேநீரோடு படியேறுகிறார், கதவைத் தட்டுகிறார், உள்ளே ஐந்து பேர் பதறி ஆளுக்கொரு வாத்தியத்தைப் பிடிக்கிறார்கள். கதவு எப்போது திறக்கிறது? ஒரு விநாடி முந்தினால் மாட்டிக்கொள்வார்கள், இரண்டு விநாடி பிந்தினால் நமக்குச் சலிப்பு. அந்த அளவைப் படச்சுருளைக் கையால் வெட்டி ஒட்டித்தான் பிடித்தார்கள், இன்றைக்கு உங்கள் போனில் ஒரு விரலால் இழுத்துப் பார்க்கலாம். இழுத்துப் பாருங்கள், திரும்பத் திரும்ப.

இசை டிரிஸ்ட்ரம் கேரி. போர்க் காலத்தில் கடற்படையில் ரேடார் வேலை பார்த்தவர், பிறகு மின்னணு இசையில் முன்னோடி. ஆனால் இந்தப் படத்தில் எல்லாருக்கும் நினைவில் நிற்கிற இசை அவர் எழுதியது அல்ல, 18ஆம் நூற்றாண்டின் இத்தாலிய இசையமைப்பாளர் போக்கெரினி எழுதிய மினுவே என்ற நடன இசை. திருடர்கள் வாசிப்பதாக நடிக்கிற இசைத்தட்டு அதுதான். கொலைத் திட்டம் போடுகிற அறையிலிருந்து அவ்வளவு நாகரிகமான இசை வருகிறது, கீழே கிழவி உருகிப்போய்க் கேட்கிறார். உங்கள் படத்தில் அந்த இடத்தில் உறுமி. இங்கே ஒரு வேறுபாடு உண்டு, அதை எழுதுகிறவர் யோசிக்க வேண்டும்: அந்தக் கிழவிக்கு அந்த இசை பிடிக்கும், நம் தாமானில் ராத்திரி பத்து மணிக்கு உறுமி அடித்தால் பக்கத்து வீட்டுக்காரர் போலீசுக்கே போன் போட்டுவிடுவார். அப்படியானால் திருடர்களைப் போலீசிடமிருந்து காப்பாற்றுவதே பாட்டியாக இருக்கலாமே, "எங்க புள்ளைங்க சாமிக்குத்தான் அடிக்கிறாங்க" என்று வாசலில் நின்று சண்டை போடட்டுமே. இது இலவசமாகக் கொடுக்கிறேன், டைட்டிலில் என் பெயர் வேண்டாம்.

இன்னொரு விஷயமும் கவனத்துக்கு வருகிறது. அச்சு அசல் இங்கிலீஷ் காமெடி என்று உலகமே சொல்கிற இந்தப் படத்தை எழுதியவர் அமெரிக்கர், இயக்கியவர் அமெரிக்காவில் பிறந்த ஸ்காட்லாந்துக்காரர், ஒளிப்பதிவாளர் ஹெல்லரும் நடிகர் லோமும் பிராக் நகரத்தில் பிறந்து நாஜிகள் காலத்தில் இங்கிலாந்துக்கு வந்து சேர்ந்தவர்கள். நம் பக்கத்திலும் இதே கதைதான். சிங்கப்பூர் ஜாலான் அம்பாஸில் ஷா சகோதரர்களின் மலாய் ஃபிலிம் புரொடக்‌ஷன்ஸ் எடுத்த பழைய மலாய்ப் படங்களின் டைட்டிலை நிறுத்திப் பாருங்கள். முதலாளி சீனர், நடிகர்கள் மலாய்க்காரர்கள், யூனிட்டில் வரிசையாக இந்தியப் பெயர்கள். மலாய் சினிமாவின் பெரிய நட்சத்திரமான பி. ரம்லியை 1948இல் 'சிந்தா' படத்தில் அறிமுகம் செய்தவர் பி.எஸ். ராஜ்ஹன்ஸ், 1950இல் 'பக்தி' படத்தில் அவரைக் கதாநாயகனாக்கியவர் எல். கிருஷ்ணன், மெட்ராஸில் பிறந்து பினாங்கில் வளர்ந்தவர். 1956இல் 'ஹங் துவா' எடுத்தவர் வங்காளத்து ஃபனி மஜும்தார். எடிட்டர் என்ற இடத்தில் எச்.ஆர். நாராயணா என்ற பெயர் படத்துக்குப் படம் வரும். ஸ்டூடியோ ஆட்களுக்குப் பக்கத்திலேயே குடியிருப்பும் கொடுத்து வைத்திருந்தார்கள், தோட்டத்தில் லயம் கொடுக்கிற மாதிரி. பி. ரம்லியின் படங்களை ஹரி ராயா பெருநாளுக்கு டிவியில் பார்த்துச் சிரித்தே வளர்ந்தோம், அந்தப் பெயர்களை மட்டும் ஒருவரும் நமக்குச் சுட்டிக் காட்டவில்லை. திருட்டும் காமெடியும் கலந்தது வேண்டுமென்றால் 1961இல் வந்த 'அலி பாபா புஜாங் லாபோக்', ரம்லியே கொள்ளைக் கூட்டத் தலைவன். ஒரு ஸ்டூடியோ உள்ளே எப்படி இயங்கும் என்று பார்க்க வேண்டுமென்றால் அதே ஆண்டு வந்த 'செனிமான் புஜாங் லாபோக்', மூன்று பேர் நடிக்க வாய்ப்புத் தேடி அந்த ஸ்டூடியோவுக்குள்ளேயே நுழைகிற கதை. குறும்படம் எடுக்கிறவர்கள் கட்டாயம் பார்க்க வேண்டியது.

தமிழில் என்றால் 1972இல் ஏவி.எம். எடுத்த 'காசேதான் கடவுளடா'. வீட்டு இரும்புப் பெட்டியிலிருந்து பணத்தை அடிக்க, தேங்காய் சீனிவாசன் போலிச் சாமியாராக வந்து உட்கார்வார். எழுதி இயக்கியவர் சித்ராலயா கோபு, இசை எம்.எஸ். விஸ்வநாதன். அது முதலில் மேடை நாடகம், அதனால் சிரிப்பு முழுக்க வசனத்திலும் நடிப்பிலும் ஓடும், கேமரா பெரும்பாலும் ஒதுங்கி நிற்கும். 'லேடிகில்லர்ஸ்' அதற்கு எதிர்ப்பக்கம். எது உசத்தி என்று நான் சொல்ல மாட்டேன், தேங்காய் சீனிவாசன் மாதிரி ஒருவர் கையில் இருந்தால் கேமரா ஒதுங்கி நிற்பதே மரியாதை. உங்கள் ஆறு பேரில் அப்படி யாரும் இருப்பதாக எனக்குத் தெரியவில்லை என்பதால் கேமராவையும் வெளிச்சத்தையும் நம்புங்கள் என்கிறேன்.

டைட்டிலில் சின்ன எழுத்தில் வருகிறவர்களும் உண்டு. உதவி இயக்குநர், அடுத்த காட்சிக்கு யார் எப்போது வர வேண்டும் என்று கத்திக்கொண்டே இருப்பவர். கன்டினியூட்டி பார்ப்பவர், முந்தின ஷாட்டில் பாட்டியின் முந்தானை எந்தத் தோளில் இருந்தது, கோப்பையில் தேநீர் எவ்வளவு இருந்தது என்று எழுதி வைக்கிறவர். திருட்டுப் படத்தில் இவர் தூங்கினால் போச்சு, பணப்பை இடது கையிலிருந்து வலது கைக்குத் தானாகத் தாவும், அதைக் கண்டுபிடிக்கிற ஆள் நிச்சயம் முதல் வரிசையில் உட்கார்ந்திருப்பான். ஒலிப்பதிவாளர், உங்கள் விஷயத்தில் இவர் ரொம்ப முக்கியம். உறுமியைப் பக்கத்தில் வைத்துப் போனில் பதிந்தால் ஒலி கிழிந்துவிடும், பாட்டி பேசுவதும் கேட்காது. மேளத்தைத் தனியாக ஒரு நாள் தள்ளி நின்று பதிந்து வைத்துக்கொண்டு, காட்சி எடுக்கும்போது அடிக்கிற மாதிரி கையை மட்டும் ஆட்டினால் போதும். திருடர்களுக்கு வாசிக்கத் தெரியாது என்பதுதானே கதை, தாளம் தப்பினாலும் ஒருவரும் குறை சொல்ல முடியாது.

இப்போது ஆறு பேருக்குப் பிரித்தால் நான்கு பேர் திருடர்கள், மிச்சம் இருவர் கேமராவும் ஒலியும், நடிக்காத நேரத்தில் திருடர்களில் ஒருவன் கன்டினியூட்டி நோட்டைப் பிடிக்கலாம், இன்னொருவன் வெளிச்சம். எடிட்டிங் யார் செய்தாலும் சரி, நடித்தவன் செய்யக் கூடாது. தன் முகம் வருகிற இடத்தை எவனும் வெட்ட மாட்டான். இயக்குநர் ஒருவர்தான், இரண்டு பேர் வேண்டாம், அதைப் படம் தொடங்கும் முன்பே பேசி முடித்துவிடுங்கள். அப்புறம் புரொடக்‌ஷன் மேனேஜர் என்று ஒருவர் வேண்டும், அனுமதி வாங்க, பக்கத்து வீட்டுக்காரரைச் சமாதானம் செய்ய, பாட்டிக்கு நேரத்துக்குச் சாப்பாடும் மருந்தும் கொடுக்க. அதற்கு உங்களில் யாராவது ஒருவருடைய அக்காவைக் கேளுங்கள், ஆனால் டைட்டிலில் அவர் பெயரையும் ஒழுங்காகப் போடுங்கள், படிக்கிற அளவு நேரம் திரையில் நிற்கிற மாதிரி.